குழித்த கை

ஒசாகா
அக்டோபர் 9, 1980

ஹருயே,

உன் அக்கா கடைக்குப் போன் செய்தால் யசுயே அக்காதான் எடுக்கிறார். "நூடுல்ஸ் வேணும்னா கடைக்கு வந்து சாப்பிடுங்க மாப்பிள்ளை" என்று சொல்லிவிட்டு வைத்துவிடுகிறார். கப்பல் ஏறி ஷிகோகுவுக்கு வந்து நூடுல்ஸ் சாப்பிட எனக்கு எங்கே நேரம்? அதனால்தான் காகிதம் வாங்கிவந்து உட்கார்ந்திருக்கிறேன். மேடைக்கு வசனம் எழுதித் தேய்ந்த கைதான் இது. பெண்டாட்டிக்குக் கடிதம் எழுதிப் பழக்கமில்லை.

சாயங்கால ஆட்டம் முடிந்ததும் கிமோனோவை மடித்து வைத்துவிட்டு, சொல்லாமல் கொள்ளாமல் ஒருத்தி ரயில் ஏறிப் போவாளா? வீட்டுக்கு வந்தால் அரிசிப் பானை மேல் "அக்கா வீட்டுக்குப் போகிறேன்" என்று ஒரு துண்டுச் சீட்டு. அக்காவுக்கு உடம்பு சரியில்லை போலிருக்கிறது என்று நினைத்து நிம்மதியாகத் தூங்கினேன். மறுநாள் மதிய ஆட்டத்துக்கு நீ வராதபோதுதான் எனக்கு உறைத்தது.

தியேட்டரில் உனக்குக் காய்ச்சல் என்று சொல்லிவைத்திருக்கிறேன். மேனேஜர் ஒகுனோ என்னை ஏற இறங்கப் பார்த்து, "காய்ச்சல் அவளுக்கா, உங்க குடும்பத்துக்கா?" என்று கேட்டார். நல்ல வசனம். குறித்துவைத்துக்கொண்டேன்.

என்ன கோபம் உனக்கு? குதிரைப் பந்தயமா? அதை விட்டுவிட்டேன், ஏறக்குறைய. மதுக்கடை மிதோரியா? அவள் ஊற்றுகிறாள், நான் குடிக்கிறேன், அவ்வளவுதான். வேறு எதுவும் எனக்குத் தோன்றவில்லை. இருந்தால் சொல்.

போனதுதான் போனாய், நேரம் பார்த்துப் போகக் கூடாதா? அந்த 'காது' கட்டத்துக்காகவே ஜனங்கள் டிக்கெட் வாங்குகிறார்கள். நாம் ஜோடி சேர்ந்த நாளிலிருந்து அப்படி ஒரு சிரிப்பை நான் கேட்டதில்லை. எழுதுகிறவன் நான்தான், ஆனால் இந்த வருஷத்தின் சிறந்த வசனம் நீ மேடையில் திடீரென்று எடுத்துவிட்டது. டோக்கியோ டெலிவிஷன்காரர்கள் வந்து பார்த்துவிட்டு, புத்தாண்டு நேரடி ஒளிபரப்பில் புருஷன் பெண்டாட்டி ஜோடியாக நம்மைத்தான் போடுவது என்று முடிவு செய்துவிட்டார்கள். மைக் முன்னால் இரண்டு பேர் நின்று வாயாடும் இந்த மன்சாய்க்கு இப்படி ஒரு காலம் இதுவரை வந்ததில்லை, இனி வருமா என்றும் தெரியாது. காற்றுள்ளபோதே தூற்றிக்கொள்ள வேண்டாமா?

ஞாயிற்றுக்கிழமைக்குள் வந்துவிடு. ஆட்டத்தில் அடிக்க ஆள் இல்லாமல் கை அரிக்கிறது.

தொகுஜி

✦

மருகாமே
அக்டோபர் 15

என்ன கோபம் என்று கேட்டிருக்கிறீர்கள்.

நான் உங்களிடம் சொன்னேன். மேடையில், மைக் முன்னால், அத்தனை பேருக்கு நடுவில் சொன்னேன். நீங்கள் மட்டும் கேட்கவில்லை.

அன்று காலையில் நான் காது டாக்டரிடம் போயிருந்தேன். இடது காது முற்றிலும் போய்விட்டது, திரும்பி வராது என்றார். என்ன வேலை செய்கிறாய் என்று கேட்டார். சொன்னேன். அவர் வீட்டில் டெலிவிஷன் இருக்கிறது, நம்மைத் தெரியும் அவருக்கு. பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "அந்த அடியா?" என்றார்.

அங்கிருந்து நேராகத் தியேட்டருக்கு வந்தேன். ஒப்பனை அறையில் நீங்கள் பேப்பரை முகத்தில் போட்டுக்கொண்டு தூங்கினீர்கள். வீட்டில் சொல்லலாம் என்றால், வீட்டில் நீங்கள் பேசி எத்தனை காலமாயிற்று? ஊரைச் சிரிக்கவைக்கிறவர் வீட்டுக்குள் வந்தால் சுவர். "ம்" என்பீர்கள். சோறு போதும் என்றால் கையைக் காட்டுவீர்கள். என் முகத்தை நேராகப் பார்த்து நான் சொல்வதற்கு நீங்கள் பதில் சொல்கிற இடம் உலகத்திலேயே அந்த மேடை ஒன்றுதான். அதனால் அங்கேயே சொன்னேன்.

நடந்ததை அப்படியே எழுதுகிறேன், உங்களுக்கு வேறு மாதிரி நினைவிருக்கலாம்.

"ஏங்க, எனக்கு இடது காது கேக்கலைங்க."

"உனக்கா? சம்பளம்னு பக்கத்துத் தெருவுல சொன்னாக்கூடக் கேக்குமே."

"நெஜமாத்தாங்க. டாக்டர் சொன்னாரு."

"அவரு சொன்னது மட்டும் எந்தக் காதுல கேட்டுச்சு?"

அப்புறம் அடித்தீர்கள். அதே காதில். கூரை பிய்ந்துபோகிற மாதிரிச் சிரித்தார்கள். திரைக்குப் பின்னால் வந்ததும் நீங்கள் என் தோளைத் தட்டி, "பிரமாதம், நாளைக்கும் இதையே வெச்சுக்கலாம்" என்றீர்கள். இத்தனை வருஷத்தில் நீங்கள் என்னைப் பாராட்டியது அன்றைக்குத்தான்.

மறுநாளும் வைத்தீர்கள், அதற்கு மறுநாளும். ஒவ்வொரு ஆட்டத்திலும் எனக்குக் காது கேட்கவில்லை என்று நான் சொல்ல வேண்டும், நீங்கள் அடிக்க வேண்டும், அவர்கள் சிரிக்க வேண்டும். செவிடன் காதில் ஊதிய சங்கு என்பார்கள். இங்கே சங்கு ஊதியவள்தான் செவிடி.

ஞாயிற்றுக்கிழமை வரவில்லை, இனியும் வரமாட்டேன்.

ஹருயே

✦

ஒசாகா
அக்டோபர் 20

ஹருயே,

உன் கடிதத்தைத் தியேட்டர் வாசலில் பிரித்துப் படித்தேன். அன்று ஆட்டத்துக்குப் போகவில்லை. எனக்கும் காய்ச்சல் என்று சொல்லிவிட்டேன்.

முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது, மறைக்க மாட்டேன். நீ மேடையில் சொல்வதை நான் எப்படி உண்மை என்று நினைப்பேன்? மேடையில் நீ என்னைப் பூனைக்குப் பிறந்தவன் என்கிறாய். என் அம்மா உன்னைச் சமையலறையில் பூட்டிவைத்தாள் என்கிறாய். ஒரு வார்த்தை உண்மை உண்டா அதில்? பொய் சொல்லிச் சோறு தின்கிற இடத்தில் நின்றுகொண்டு உண்மையைச் சொன்னால் யார் நம்புவார்கள்? வீட்டில் ஒரு தட்டுத் தட்டி, "இந்தாய்யா, கேளு" என்று சொல்லியிருக்கலாம் நீ.

அந்தக் கோபம் மத்தியானம் வரைதான் இருந்தது. பிறகு ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. போனை வலது காதுக்கு மாற்றி வைத்துக்கொள்ள ஆரம்பித்தாய். நான் கூப்பிட்டால் வேறு பக்கம் திரும்பிப் பார்த்தாய். அப்புறம் அந்தப் படுக்கை. போன குளிர்காலத்திலிருந்து நீ எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு படுக்கிறாய். என்னைப் பிடிக்கவில்லை போலிருக்கிறது என்று நினைத்துத்தான் நான் மிதோரி கடையில் போய் உட்கார்ந்தேன். இன்று அந்தப் பாயில் நீ படுத்த மாதிரியே படுத்துப் பார்த்தேன். கெட்ட காது தலையணையில், நல்ல காது மேலே. நான் ஏதாவது சொன்னால் கேட்கட்டும் என்றுதான் அப்படிப் படுத்தாயா? நான் ஒன்றும் சொல்லவில்லையே, ஹருயே.

உன் டாக்டரிடமும் போனேன். கையை எப்படி வைத்து அடிப்பேன் என்று காட்டச் சொன்னார். காட்டினேன். உனக்கு ஞாபகம் இருக்கும், கல்யாணமான புதிதில் என் தொடையில் அடித்து அடித்துப் பழகியது. கையை விரித்து அடித்தால் வலிக்கும், சத்தமும் சப்பென்று இருக்கும். உள்ளங்கையைக் குழித்து அடித்தால் வலிக்காது, ஆனால் கடைசி வரிசைக்குக் கேட்கும். உனக்கு வலிக்கக் கூடாது என்றுதான் நான் கையைக் குழித்தேன். டாக்டர் சொல்கிறார், அந்தக் குழிக்குள் அடைபட்ட காற்று காதுக்குள் போய்த்தான் அடித்ததாம். வலித்திருந்தால் எப்போதோ நிறுத்தியிருப்பீர்களே என்றார். அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

மன்னித்துவிடு. இந்த வார்த்தையை உனக்கு எழுதுவது இதுதான் முதல் தடவை என்று எனக்கே தெரியும்.

இனி ஒரு விஷயம். நீ கோபப்படாமல் படி. என்னோடு வாழ முடியாது என்றால் அது நியாயம்தான், நகராட்சி விவாகரத்துத் தாளில் முத்திரை குத்தித் தருகிறேன். ஆனால் ஜோடியைக் கலைக்க வேண்டுமா? உமெகிச்சி அண்ணனும் தொஷியே அக்காவும் விவாகரத்தாகி எத்தனை காலம். தனித்தனி வீடு, தனித்தனி ரயில், ஆனால் மேடையில் இன்றும் அவர்கள்தான் சண்டைக்காரப் புருஷன் பெண்டாட்டி. நம் தொழிலில் இது புதிதல்ல. இனி உன்னை அடிக்கவே மாட்டேன். புத்தாண்டு நிகழ்ச்சி மட்டுமாவது வா. ஒகுனோ தினமும் கேட்கிறார்.

தொகுஜி

✦

மருகாமே
அக்டோபர் 29

நல்ல காது மேலே இருக்கட்டும் என்றுதான் அப்படிப் படுத்தேன். அதைக் கண்டுபிடித்தீர்கள் என்று படித்ததும் கடையின் பின்பக்கம் போய் அழுதேன். அடுத்த பக்கத்தைத் திருப்பினால் புத்தாண்டு நிகழ்ச்சி. அழுகை அப்படியே நின்றுவிட்டது. உங்களுக்கு ஒரு கடிதத்தைக்கூட முழுதாக நல்லபடி எழுத வராதா?

தொஷியே அக்காவைச் சொல்லியிருக்கிறீர்கள். நானும் அவரிடம் ஒருநாள் கேட்டேன், பிரிந்த பிறகும் அந்த மனுஷனோடு எப்படி நிற்கிறீர்கள் என்று. பவுடர் போட்டுக்கொண்டிருந்தவர் கண்ணாடியைப் பார்த்தபடியே, "மேடையில அவரு என்னைத் திட்டுறப்பதான்டி அவரு குரலே எனக்குக் கிடைக்குது" என்றார். உங்களுக்கு அது தொழில் தர்மமாகத் தெரிகிறது. எனக்கு அது பிச்சையாகத் தெரிந்தது. எனக்கு அந்தப் பிச்சை வேண்டாம்.

இங்கே கடையில் கிண்ணம் எடுத்துப் போடுகிறேன். இடது பக்கத்து மேசைக்காரர்கள் கூப்பிட்டால் தெரிவதில்லை. டெலிவிஷன்காரி, திமிர் என்று பேசிக்கொள்கிறார்களாம். போன வாரம் லாரி ஓட்டுகிற ஒருவர் என்னை அடையாளம் கண்டுகொண்டு, "அந்தக் காது விஷயத்தைக் கொஞ்சம் செஞ்சு காட்டும்மா" என்று சிரித்தார். உண்மையாகவே கேட்காதுங்க என்றேன். அவர் குழம்பைத் துப்பிவிட்டுச் சிரித்தார். யசுயே அக்கா அவருடைய கிண்ணத்தைப் பாதியில் எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். புத்தாண்டில் நீங்கள் யாரோடு வேண்டுமானாலும் நில்லுங்கள். அந்தக் காது கட்டத்தை மட்டும் செய்யாதீர்கள். அது வசனம் இல்லை. என்னுடையது.

ஹருயே

✦

ஒசாகா
நவம்பர் 15

ஹருயே,

பதில் எழுதத் தாமதம். எழுத வெட்கம்.

நீ கேட்டதை ஒகுனோவிடம் சொன்னேன். உன் காது போனதையும் சொன்னேன். மனுஷன் கையிலிருந்த கணக்குப் புத்தகத்தை மூடிவைத்தார். அப்புறம், "பாவம்தான்யா, ஆனா டோக்கியோக்காரன் அந்தக் கட்டத்தைத்தான் கேட்டிருக்கான்" என்றார். மறுநாள் மிகாகோ என்று ஒரு பெண்ணைக் கூட்டிவந்து என் பக்கத்தில் நிறுத்தினார். இப்போதுதான் தொழிலுக்கு வந்தவள், துறுதுறுவென்று இருக்கிறாள், உன் வசனம் முழுவதும் அவளுக்கு மனப்பாடம். வானொலியில் நம்மைக் கேட்டே வளர்ந்தவளாம்.

ஒத்திகையில் நான் கையைத் தூக்கினேன், அடிக்கவில்லை. அவள் காத்திருந்தாள். பிறகு, "வலிக்காது அண்ணா, அடிங்க, அப்பதான் எனக்கு அடுத்த வசனம் வரும்" என்றாள். சுற்றி நின்றவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அடித்தேன். கொஞ்சமாகத்தான். கை தானாகக் குழிந்துகொண்டது. சத்தம் நன்றாக வந்தது, எல்லோரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பைக் கேட்டதும் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அதை உன்னிடம் மறைத்து என்ன செய்யப்போகிறேன்? வெளியே வந்து வாய்க்கால் ஓரம் நின்று கையைக் கழுவினேன். கழுவினால் போகிற பழக்கமா அது?

நீ வந்தால் இதெல்லாம் நின்றுவிடும். நீ பக்கத்தில் நின்றால் எனக்கு அடிக்க மனசு வராது.

தொகுஜி

✦

மருகாமே
நவம்பர் 19

நான் வந்து நின்றால்தான் நீங்கள் நல்லவராக இருப்பீர்கள் என்றால், அதற்கு நான் எதற்கு? கையைக் கட்டிப்போட ஒரு கயிறு போதும்.

அந்தப் பெண்ணைக் காது டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போங்கள். நாளைக்கே. நீங்களே கூட்டிக்கொண்டு போங்கள். வலிக்காது என்று அவள் சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். நானும் அதையேதான் சொன்னேன், கல்யாணமான புதிதில், சிரித்துக்கொண்டே. சொல்லச் சொல்ல உங்களுக்கு அது பாட்டு மாதிரி இருந்தது.

அவளிடம் எல்லாவற்றையும் சொல்லுங்கள். மேடையில் வேண்டாம்.

✦

ஒசாகா
ஜனவரி 4, 1981

ஹருயே,

மிகாகோவை டாக்டரிடம் அழைத்துப்போனேன். ஒன்றும் ஆகவில்லை. டீக்கடையில் உட்காரவைத்து எல்லாவற்றையும் சொன்னேன். அவள் அழுதாள், உனக்காக இல்லை, புத்தாண்டு வாய்ப்புப் போய்விட்டதே என்று. "நீங்க என்னைக் கழட்டிவிடத்தான் இந்தக் கதை சொல்றீங்க" என்றாள். அவளைத் திட்டத் தோன்றவில்லை. அந்த வயதில் நானும் அதைத்தான் சொல்லியிருப்பேன்.

ஒகுனோவிடம், புத்தாண்டுக்கு ஹருயே வருகிறாள் என்று பொய் சொல்லிவிட்டேன். நேரடி ஒளிபரப்பு, நேரத்துக்கு மேடை ஏறிவிட்டால் யாரும் பிடித்து இழுக்க முடியாது. அறிவிப்பாளர் "தொகுஜி, ஹருயே" என்று பெயர் சொன்னார், வாத்தியம் முழங்கியது, நான் மட்டும் போய் மைக்கின் ஒரு பக்கம் நின்றேன். உன் இடத்தைக் காலியாக விட்டு நின்றேன். அதற்கே சிரித்துவிட்டார்கள்.

நான் எதையும் எழுதி வைத்துக்கொண்டு போகவில்லை. உள்ளதைச் சொல்லிவிட்டு இறங்கிவிட வேண்டும், அவ்வளவுதான் எண்ணம்.

"என் பொண்டாட்டி வரல. அவளுக்கு இடது காது கேக்காது. அடிச்சது நான்தான்" என்றேன்.

சிரித்தார்கள்.

"நெஜமாத்தான் சொல்றேன்" என்றேன். இன்னும் சிரித்தார்கள். "சிரிக்காதீங்க" என்றேன். முன்வரிசையில் ஒரு அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு பக்கத்துக்காரியின் மேல் சாய்ந்துவிட்டாள். நான் கும்பிட்டுவிட்டு இறங்கினேன். அது எப்போதும் நான் கும்பிடுகிற கும்பிடு இல்லை, தலை தரையைத் தொடக் கும்பிட்டேன். அதற்குக் கைதட்டினார்கள்.

ஒகுனோ ஓடிவந்து என்னைக் கட்டிக்கொண்டார். "தனியா நின்னு இப்படிப் பண்ணுவேன்னு முன்னாடியே சொல்லக் கூடாதா? பிப்ரவரி பூரா இதையே போட்டாச்சு" என்றார். முடியாது என்றேன். அதற்கும் சிரித்தார்.

நீ அன்றைக்கு எங்கே நின்றாய் என்று எனக்கு இப்போது தெரிகிறது. உண்மையைச் சொல்லிவிட்டு அந்தச் சிரிப்புக்குள் நின்றால் மூச்சே விட முடியவில்லை. பக்கத்தில் பார்த்தேன், நீ இல்லை. உனக்குப் பக்கத்தில் நானாவது இருந்தேன். இருந்து அடித்தேன்.

நாடு முழுக்கக் கேட்கும்படி சொல்லிவிட்டேன், ஹருயே. நீ பார்த்தாயா? இனியாவது வருவாயா?

தொகுஜி

✦

மருகாமே
ஜனவரி 11

பார்த்தேன்.

பண்டிகை நாள், கடையில் உட்கார இடமில்லை. அக்கா டெலிவிஷன் சத்தத்தைக் கூட்டி வைத்தார். நான் வலது காதைத் திருப்பிக்கொண்டு வாசல் பக்கம் நின்றேன். நீங்கள் தனியாக நடந்து வந்து, என் இடத்தை விட்டு நின்றதைப் பார்த்தேன். மெலிந்திருக்கிறீர்கள். கழுத்துப் பட்டை கோணலாக இருந்தது.

நீங்கள் சொன்னீர்கள். கடை முழுக்கச் சிரித்தது. அக்கா ஒருத்திதான் சிரிக்கவில்லை. சொல்ல வெட்கமாக இருக்கிறது, நானும் சிரித்துவிட்டேன். வாய் தானாகத் திறந்துகொண்டது. அதற்கப்புறம் பல நாள் தூக்கமில்லை, ஏன் சிரித்தேன் என்று யோசித்துக்கொண்டே கிண்ணம் கழுவினேன். இப்போது தெரிந்துவிட்டது, அதனால்தான் எழுதுகிறேன்.

"அவளுக்கு இடது காது கேக்காது" என்றீர்கள். பிறகு ஒரு மூச்சு நிறுத்தினீர்கள். அதன் பிறகுதான் "அடிச்சது நான்தான்" என்றீர்கள். கேட்டவர்கள் யாருக்கும் அது தெரிந்திருக்காது. நமக்குத் தெரியும். அது சிரிப்புக்கு விடுகிற இடம். எவ்வளவு விட வேண்டுமோ அவ்வளவே விட்டீர்கள், ஒரு இமைப்பொழுது கூடவும் இல்லை, குறையவும் இல்லை. மனசு உடைந்து பேசுகிறவனுக்கு அந்த இடம் எங்கே இருந்து வரும்?

வேண்டுமென்று விட்டீர்கள் என்று நான் சொல்லவில்லை. நீங்கள் பொய் சொல்லவில்லை என்று எனக்குத் தெரியும். உங்கள் முகம் அப்படி வெளுத்து நான் பார்த்ததில்லை. உங்களுக்கு வேறு மாதிரிப் பேச வராது, அதுதான் விஷயம். இதை எழுதும்போது இன்னொன்றும் உறுத்துகிறது. அன்றைக்கு மேடையில் "ஏங்க" என்று சொல்லிவிட்டு, "எனக்கு இடது காது கேக்கலைங்க" என்று சொல்வதற்கு முன்னால், நானும் அந்த இடத்தை விட்டேனா? விட்டிருப்பேன். நான் விடாமல் நீங்கள் அத்தனை சுலபமாகப் பதிலை எடுத்திருக்க முடியாது. என் துக்கத்தைக்கூட நான் சிரிப்புக்கு அளந்து வெட்டித்தான் உங்கள் கையில் கொடுத்திருக்கிறேன். உங்களை மட்டும் குற்றம் சொல்லிக்கொண்டிருந்தது தப்பு. ஆனாலும் போனது என் காதுதான், உங்களுடையது அல்ல. அதை மறக்க மாட்டேன்.

தியேட்டர் வாசல் பலகையிலிருந்து என் பெயரை எடுத்துவிடச் சொல்லுங்கள். நான் இனி மேடை ஏற மாட்டேன். பிப்ரவரியில் நீங்கள் ஏறுவதும் ஏறாததும் உங்கள் பாடு. நான் உங்களைத் தடுக்கவும் மாட்டேன், வந்து பார்க்கவும் மாட்டேன். தொஷியே அக்கா வீட்டை விட்டார், மேடையை வைத்துக்கொண்டார். நான் மேடையை விட்டுவிட்டேன். வீட்டையும் விடுவதா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. நகராட்சித் தாளை இப்போது அனுப்ப வேண்டாம்.

திங்கட்கிழமை கடை விடுமுறை. வருவதானால் வாருங்கள். அக்கா திட்டுவார், வாங்கிக்கொள்ளுங்கள். என் வலது பக்கமாக உட்காருங்கள். என்ன வேண்டுமானாலும் பேசுங்கள், பந்தயக் குதிரையைப் பற்றிப் பேசினாலும் சரி, குளறினாலும் சரி. நடுவில் இடம் மட்டும் விடாதீர்கள்.

ஹருயே